பாக்கெட் மாதிரி

ஒரே உருளைத் துணி.
ஒரே கட்டிங் மாஸ்டர்.
நாலு வயசு இடுப்பளவு
நாட்டுக்கு நாடு மாறுவதில்லை.
எங்கள் செக்கிங் மேஜைக்கு வரும்போதுதான்
அது ஆணாகவும் பெண்ணாகவும் வருகிறது.

நீலக் கால்சட்டையில் லாரி.
ரோஸில் இமை நீண்ட பூனை.
லாரிக்கு இரண்டு பக்கமும் பாக்கெட்,
கைவிட்டுப் பார்த்துப்
பிசிறு வெட்டி அனுப்புவேன்.
பூனைக்கும் அதே இடத்தில்
அதே வளைவில் தையல் இருக்கும்,
விரல் உள்ளே போகாது.
முதல் நாள், தெரியாமல் ஒட்டிக்கொண்டதென்று
ஊசியால் நோண்டினேன்.
"ஏனுங்க்கா, அது பாக்கெட் இல்லீங்.
பாக்கெட் மாதிரி"
என்றாள் எதிர்மேஜை துளசிமணி.

பதினோரு வருசம்.
எத்தனை லட்சம் மாதிரிகள்
என் கையைத் தாண்டிக் கப்பலேறினவோ.

சனிக்கிழமை சம்பளம்.
பஸ் ஸ்டாண்டுப் பக்கம் பொம்மைக் கடைக்காரர்
என்ன வேணும் என்று கேட்கவில்லை.
"பையனுக்கா, புள்ளைக்கா?"
பையனுக்கு என்றேன்.
துப்பாக்கிகள் இறங்கின, ஒரு ஜேசிபி இறங்கியது.
தர்ஷித் என் முந்தானைக்குப் பின்னிருந்து
மேல்தட்டைக் காட்டினான்:
பிடியைச் சுற்றினால்
ஊசி ஏறி இறங்கும் குட்டி மிஷின்.
"அது பொம்பளப் புள்ளைங்களுது சாமி."
கடைக்காரர் பனியனின் கழுத்துப்பட்டி
அத்தனை நேராக இருந்தது.
எந்த ஆம்பளை தைத்ததோ.
இதைச் சொல்லாமல்
ஜேசிபியை வாங்கிக்கொண்டு
அனுப்பர்பாளையம் பஸ் ஏறினேன்.

மண்ணில்லாத கட்டிலடியில்
ஜேசிபி வாயைப் பிளந்து கிடந்தது.

எதிர் லைன் வீட்டு சுபிதாவுக்குப்
புளியங்கொட்டைகள்தாம் சொத்து.
ஓடிப்பிடிக்கிறபோதும்
இரண்டு கையும் மூடியே ஓடுவாள்.
யாரையும் தொட முடியாது.
எப்போதும் அவளே தோற்பாள்.
நான் தினமும் பார்த்ததுதான்.
கவனித்தது அவன்.

ஞாயிற்றுக்கிழமை
வேஸ்ட் துணி மூட்டையைக் கலைத்து
ஒரு பச்சைத் துண்டெடுத்து
அவள் கவுனில் வைத்துத்
தைத்துக்கொண்டிருந்தான்.
அரை ஷிப்ட் முடிந்து அவன் அப்பா வந்தார்.
அன்றைக்கு இருநூற்று நாற்பது பிரில் கை
அடித்து முடித்த மனுசன்,
புருவமெல்லாம் ரோஸ் பஞ்சு.

"பொட்டையாட்ட ஊசியத் தூக்கீட்டு
உக்காந்திருக்கறான் பாரு."
"நீங்களுந்தான தைக்கறீங்ப்பா?"
"அது வேலடா."
"இதும் வேலதான்."
"காசு வருதா?"
"பத்துப் புளியங்கொட்டை வருதுங்."

எனக்குச் சிரிப்பு முட்டியது.
அவர் ஊசியைப் பிடுங்கிக்
காலண்டரில் குத்திவிட்டுக்
குளிக்கப் போனார்.
தண்ணீர் ஊற்றும் சத்தம்
வெகுநேரம் கேட்கவில்லை.

திங்கட்கிழமை மறுபடி ரோஸ் லாட்டு.
பழுதான இடத்தில்
சிவப்பு அம்பு ஸ்டிக்கர் ஒட்டுவது வழக்கம்:
ஓட்டை, எண்ணெய்க் கறை, தையல் விட்டது.
முதல் பூனையின் இடுப்பில் ஒன்று ஒட்டினேன்.
அப்புறம் இரண்டாவதில்.
முப்பதோ என்னமோ ஆகியிருக்கும்,
சூப்பர்வைசர் வந்துவிட்டார்.
"என்னக்கா டேமேஜு?"
"கை போகலீங்."
சிரித்தார். சிரித்துக்கொண்டே
ஒவ்வொன்றாய் உரித்து
நல்ல சரக்கோடு தள்ளினார்.
"பையர் கேட்டதத்தான கொடுக்க முடியும்?"
உரித்ததில் ஒன்று
அவர் முழங்கையில் ஒட்டிக்கொண்டதை
நான் சொல்லவில்லை.
துளசிமணியும் சொல்லவில்லை.
மத்தியானச் சோறு வரைக்கும்
அம்பு அவரையே காட்டிக்கொண்டு திரிந்தது.

சாயங்காலம் சந்தில் சுபிதா ஓடினாள்.
கவுன் ஒரு பக்கம் தொங்கத் தொங்க,
உள்ளே கொட்டைகள் கலகலக்க,
பத்து விரலும் விரித்து.
இரண்டு பேரைத் தொட்டுவிட்டாள்.
வாசலில் செருப்பைக் கழற்றியபடி
இவர் பார்த்துக்கொண்டு நின்றார்.
"மூலைல கெட்டி போடாம உட்டிருக்கறான்.
நாளைக்கே பிரிஞ்சுரும்"
என்றார், யாரைப் பார்த்தும் இல்லாமல்.

ராத்திரி தேதி கிழிக்கப் போனேன்.
காலண்டரில் ஊசி இல்லை.